விரல் மாறவில்லை, எண் மாறியிருந்தது

புதிய கடவுச்சீட்டோடு ஒருவர் உங்கள் மேசைக்கு முன்னால் வந்து உட்கார்ந்தால், உடனே பயணத் திகதியைக் கேட்காதீர்கள். பழைய கடவுச்சீட்டின் எண்ணை வேறு எங்கெல்லாம் கொடுத்து வைத்திருக்கிறார் என்று கேளுங்கள். பாரிஸில், ரூ லூயி-பிளாங் தெருவில் இத்தனை வருடம் பயணச்சீட்டு விற்றேன். நான் கற்ற வேலையில் பாதி இப்போது கணினிக்குள் போய்விட்டது. மீதியில் பாதியை வாடிக்கையாளர்களே கைத்தொலைபேசியில் செய்துகொள்கிறார்கள். நீங்கள் கேட்டாலொழிய யாரும் தானாகச் சொல்லாத விஷயம் இது ஒன்றுதான். அதனால் என் வேலையின் கடைசிக் காலத்தில் நடந்த இந்தக் கதையை, அந்த மேசைக்குப் புதிதாக வந்திருக்கும் உங்களுக்குச் சொல்லிவிடலாம் என்று நினைக்கிறேன்.

அந்துவானெத் அம்மாவை உங்களில் சிலர் கடையில் பார்த்திருப்பீர்கள். பாண்டிச்சேரிக்காரர். கணவர் ஒரு நகரசபையில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். ஒரே மகன் ஜெரோம். முப்பது வயதைத் தாண்டியவன். குழந்தையாக இருந்தபோதே தெரியும் என்பதால் அவன் என்றே எழுதுகிறேன். ஜெரோமுக்கு ஆட்டிசம். அதிகம் பேசமாட்டான். பேசினால் பிரெஞ்சில் ஒன்றிரண்டு சொல். சத்தம், நெரிசல், முன்பின் தெரியாதவர் தொடுவது, இவை மூன்றும் ஆகாது. எந்தக் காரியமும் போனமுறை நடந்தபடியே இந்தமுறையும் நடக்க வேண்டும்.

பல வருடங்களுக்கு முன் அவனை அழைத்துக்கொண்டு சென்னையில் இறங்கியபோது குடிவரவு வரிசை மண்டபத்தின் கடைசிவரை நீண்டிருந்ததாம். பாதி வழியில் அவனால் தாங்க முடியவில்லை. தன் கையையே கடித்துக்கொண்டான். இரத்தத்தைப் பார்த்துப் பாதுகாவலர்கள் ஓடிவந்து பிடிக்க, நிலைமை இன்னும் மோசமானது. அதற்குப் பிறகு அந்தக் குடும்பம் நெடுங்காலம் ஊர்ப்பக்கம் போகவேயில்லை.

பிறகு இந்திய விமான நிலையங்களில் நம்பிக்கைப் பயணிகளுக்கென்று தானியங்கிக் கதவுகள் வந்தன. முன்கூட்டியே விண்ணப்பித்து ஒப்புதல் பெற வேண்டும். விரல்ரேகையும் முகமும் ஒருமுறை பதிய வேண்டும். அதன்பின் வரிசை கிடையாது. கடவுச்சீட்டை வைத்து, விரலை வைத்தால் கதவு திறக்கும். வெளிநாட்டுக் குடியுரிமை எடுத்த இந்திய வம்சாவளியினரும் ஓசிஐ அட்டை இருந்தால் சேரலாம். ஜெரோமின் அப்பா இதைத் தேடிக் கண்டுபிடித்து மூன்று பேரையும் பதிந்தார். அடுத்த பயணத்தில் ஜெரோம் கதவுக்கு முன்னால் நின்றான், விரலை வைத்தான், பச்சை விளக்கு எரிந்தது, சிரித்தபடி நடந்து போனான். திரும்பி வந்து எனக்கு இதைச் சொன்னபோது அந்த மனுஷனுக்குக் கண் கலங்கியது.

இதெல்லாம் எனக்குத் தெரிந்திருந்தது. அதனால்தான் அந்தக் காலை எச்சரிக்கையானேன்.

அன்று அந்துவானெத் அம்மா தனியாக வந்தார். கதிரையில் உட்காரவில்லை.

"மதாம் சாந்தி, எவ்வளவு சீக்கிரம் முடியுமோ அவ்வளவு சீக்கிரம் சென்னைக்கு ரெண்டு பிய்யே வேணும். எனக்கும் ஜெரோமுக்கும்." பிய்யே என்றால் பிரெஞ்சில் பயணச்சீட்டு.

கணவர் வீட்டுத் திருத்த வேலைக்காகப் பாண்டிச்சேரி போயிருந்தார். ஏணியிலிருந்து விழுந்து இடுப்பெலும்பு முறிந்துவிட்டது. அறுவை நடந்தாயிற்று, உயிருக்கு ஆபத்தில்லை, ஆனால் விமானம் ஏற இப்போதைக்கு அனுமதி இல்லை. அவர் இல்லாததுதான் இங்கே பிரச்சினை. ஜெரோமுக்குச் சிறு வயதிலிருந்தே சாப்பாடு ஊட்டி வந்தது அப்பாதான். அப்பா போன நாளிலிருந்து சாப்பாடு குறைந்து, இப்போது பாலும் பிஸ்கட்டும் மட்டும் என்று வந்து நின்றிருந்தது.

"வீடியோல அப்பாவைக் காட்டினா போனைத் தட்டி விடுறான். தொக்தர் சொல்றாரு, இப்படியே போனா ஆஸ்பத்திரியில சேர்த்து மூக்கு வழியா குழாய் போடணும்னு. அவனுக்கு மூக்குல குழாயா? கட்டிப் போட்டுத்தான் செய்வாங்க, மதாம்."

இரண்டு கடவுச்சீட்டையும் மேசையில் வைத்தார். அவருடையது மூலை மடிந்து பழையதாக இருந்தது. மகனுடையது புத்தம் புதியது.

"இது எப்ப எடுத்தது?"

"இப்பத்தான். பழசு முடிஞ்சுபோச்சு."

"அந்தக் கதவுப் பதிவிலை புது நம்பரைக் குடுத்தனீங்களோ?"

"ஓசிஐக்குப் போட்டாச்சே. புது பாஸ்போர், புது போட்டோ எல்லாம் ஏத்திட்டேன்."

"அது ஓசிஐ. நான் கேக்கிறது கதவுக்கு."

"கதவுக்கு விரல்தானே மதாம்? அவன் விரல் மாறலியே."

நான் உங்களுக்குச் சொல்ல விரும்புவது இந்த இடத்தைப் பற்றித்தான். அவர் சொன்னதில் ஒரு பிழையும் இல்லை. யோசிக்கத் தெரிந்த எவரும் அப்படித்தான் நினைப்பார்கள். ஓரிடத்தில் மாற்றினால் எல்லா இடத்திலும் மாறிவிடும், ஆள் அதே ஆள்தானே என்று. ஆனால் அந்த உறுப்புரிமை விரலோடு மட்டும் கட்டப்பட்டதல்ல. எந்தக் கடவுச்சீட்டில் பதிந்தார்களோ அதோடும் சேர்த்துக் கட்டப்பட்டது. அந்தக் கடவுச்சீட்டு முடிந்தால் அதுவும் முடிந்தது. புதிய விவரத்தைக் கொடுத்து மறுபடி ஒப்புதல் வாங்க வேண்டும். அதற்கு எவ்வளவு காலம் எடுக்கும் என்று யாராலும் உறுதியாகச் சொல்ல முடியாது.

அங்கேயே கணினியைத் திருப்பி வைத்து இரண்டு பேருமாகப் புதிய விவரங்களை அனுப்பினோம். "பரிசீலனையில்" என்று வந்தது. அதற்குமேல் நாங்கள் செய்ய ஒன்றுமில்லை.

"சரி, பழைய பாஸ்போரையும் கையில எடுத்துட்டுப் போறேன்," என்றார். "நகரசபை மெரியில மூலைய வெட்டிக் குடுத்தாங்க. அதைக் கதவுல வச்சா திறக்கும்ல?"

எங்கள் முதலாளி பின்பக்க மேசையிலிருந்து கேட்டுக்கொண்டிருந்தார். என்னை உள்ளே கூப்பிட்டு மெல்லிய குரலில் சொன்னார்.

"சாந்தி, நாங்கள் டிக்கெட் விக்கிற ஆக்கள். கதவு திறக்குதோ இல்லையோ அது அங்கை இருக்கிறவையின்ர பாடு. நீ ஒண்டு சொல்லி, அது பிழைச்சுப் போனால் ஆர் பொறுப்பு?"

"ஓம் அண்ணை, விளங்குது. ஆனா நான் ஒண்டும் சொல்லாமல் விட்டாலும் அந்தப் பிள்ளை போய் நிக்கப்போறது அந்தக் கதவுக்கு முன்னாலைதானே?"

முதலாளி பயந்ததிலும் நியாயம் இருந்தது. நமக்கு நிச்சயமாகத் தெரியாத ஒன்றை வாடிக்கையாளருக்குச் சொல்லும்போது, நமது சொல்லை நம்பி அவர் கண்டம் தாண்டப் போகிறார். "பரவாயில்லை, பெரும்பாலும் திறக்கும்" என்று சொல்வது எவ்வளவு சுலபம் தெரியுமா? பயந்துபோய் நிற்கும் ஒரு தாயின் முகம் உங்களிடமிருந்து அந்தச் சொல்லைத்தான் கேட்கும். கொடுத்துவிடாதீர்கள்.

திரும்பி வந்து உட்கார்ந்தேன்.

"மதாம், ரத்தான பாஸ்போர்ட்டை அந்த மெஷினிலை வைக்காதேங்கோ. திறக்காது எண்டுதான் நினைக்கிறன். வீணாக் கேள்வி கேப்பினம், அவனைத் தனியாக் கூட்டிக்கொண்டு போகவும் பாப்பினம். புதுசு திறக்குமோ எண்டு கேட்டால் எனக்குத் தெரியாது. பயணத்துக்கு முன்னம் ஒப்புதல் வந்தால் சந்தோசம். வராது எண்டு நினைச்சு ஆயத்தம் செய்வம்."

"அப்ப காத்திருக்கவா?"

"அவன் சாப்பிடாமல் இருக்கேக்கை எப்பிடிக் காத்திருக்கிறது? போங்கோ. ஆனா கதவை நம்பிப் போகாதேங்கோ."

அவர் அப்போதுதான் உட்கார்ந்தார்.

அடுத்து வந்த சில நாட்களில் செய்தவற்றைச் சுருக்கமாகச் சொல்கிறேன். விமான நிறுவனத்தை அழைத்து, இந்தப் பயணிக்கு இறங்குமிடத்தில் கூட்டிச் செல்ல ஆள் வேண்டும் என்று பதியச் சொன்னேன். பதிந்ததைத் திருப்பி வாசிக்கவும் சொன்னேன். வைத்தியரிடம் ஜெரோமின் நிலையைப் பற்றிக் கடிதம் வாங்கச் சொன்னேன். அவர் நல்ல பிரெஞ்சில் எழுதிக் கொடுத்திருந்தார். சென்னையில் அதை யார் வாசிப்பது? மறுபடி அனுப்பி ஆங்கிலத்தில் வாங்கினோம். இப்படிச் சின்ன விஷயங்களில்தான் நாம் கோட்டை விடுகிறோம்.

ஆனால் பெரிய விஷயம் ஜெரோம்தான். சென்னை என்றால் கதவு, விரல், பச்சை விளக்கு என்று அவன் மனதில் பதிந்திருந்தது. அங்கே போய் அது நடக்காவிட்டால் வேறு என்ன நடக்கும் என்று அவனுக்குத் தெரியாது. தெரியாததுதான் அவனுக்குப் பயம்.

"மத்தியானத்திலை கடையிலை சனம் குறைவு. கூட்டிக்கொண்டு வாங்கோ," என்றேன்.

வந்தான். மெலிந்திருந்தான். கன்னம் உள்ளே போயிருந்தது. என் மேசையைக் குடிவரவு மேசையாக்கினேன். கடவுச்சீட்டைத் தா என்று கையை நீட்டினேன். தரவில்லை. விரலை மேசை விளிம்பில் வைத்துவிட்டுக் கதவு திறக்கக் காத்திருந்தான். திறக்க அங்கே கதவு இல்லை. நெற்றியில் கையால் தட்ட ஆரம்பித்தான்.

என்ன செய்வது என்று தெரியாமல் கடை முத்திரையை எடுத்து ஒரு வெள்ளைத்தாளில் ஓங்கிக் குத்தினேன். தொப்பென்று சத்தம். தட்டுவதை நிறுத்தினான். இன்னொருமுறை குத்தினேன். குனிந்து மையைப் பார்த்தான்.

"தம்போன்," என்றான். முத்திரைக்குப் பிரெஞ்சில் அதுதான் சொல்.

"ஓம், தம்போன். பாஸ்போர்ட்டைத் தந்தால் தம்போன்."

அன்று தரவில்லை. மறுநாள் தந்தான். முத்திரையைக் கடவுச்சீட்டில் குத்த முடியாதே, உள்ளே ஒரு தாளைச் செருகி அதில் குத்திக் கொடுத்தேன். அடுத்த நாள் அவனாகவே வந்து கடவுச்சீட்டை நீட்டினான்.

இனி வரிசை. கடையில் அப்போது பணம் அனுப்ப வந்த ஒரு சமையற்காரத் தம்பியும், கறிவேப்பிலைப் பையோடு ஒரு அக்காவும் இருந்தார்கள். "ஒருக்கா இவருக்கு முன்னாலை நிக்கிறியளோ?" என்று கேட்டேன். ஏன் என்று அவர்கள் கேட்கவில்லை. நின்றார்கள். ஒவ்வொருவரும் கையிலிருந்ததை நீட்ட, நான் தாளில் குத்த, அவர்கள் நகர, ஜெரோமின் முறை வந்தது. அந்த அக்காவுக்கு அவசரம் போலிருக்கிறது, இருந்தாலும் சுற்றி வந்து மறுபடி பின்னால் நின்றார். திரும்பிப் பார்த்தால் வரிசையின் கடைசியில் எங்கள் முதலாளியும் கையில் தொலைபேசிக் கட்டணச் சீட்டோடு நிற்கிறார்.

"என்ன அண்ணை?"

"வரிசை நீளமா இருக்கவேணும் எண்டு நீதானே சொன்னனி?"

பயணத்துக்கு முதல்நாள்வரை ஒப்புதல் வரவில்லை. அந்துவானெத் அம்மாவிடம் கடைசியாக ஒன்று சொன்னேன். இதைத்தான் நீங்கள் மறக்கக் கூடாது.

"மதாம், உங்கட பாஸ்போர்ட் பழசு. உங்கட உறுப்புரிமை செல்லும். உங்களுக்குக் கதவு திறக்கும். ஆனா நீங்கள் போகக் கூடாது."

"ஏன்?"

"நீங்கள் அந்தப் பக்கம், அவன் இந்தப் பக்கம். பிறகு திரும்பி வர விடமாட்டினம். ஆர் என்ன சொன்னாலும் அவனோடையே நில்லுங்கோ."

தலையாட்டினார். நான் அதை அவர் வாயால் ஒருமுறை சொல்லவைத்தேன்.

அவர்கள் கிளம்பியதற்கு மறுநாள் மத்தியானம் கடையில் நல்ல கூட்டம். ஒருவருக்குத் திகதி மாற்றிக்கொண்டிருந்தபோது அந்துவானெத் அம்மாவின் அழைப்பு வந்தது. நடந்ததை அவர் சொன்னபடியே சொல்கிறேன்.

விமானத்தின் வாசலில் ஆள் வரவில்லை. திருப்பி வாசிக்கச் சொல்லி உறுதிசெய்த பதிவுதான். ஆனாலும் வரவில்லை. கொஞ்சம் காத்திருந்துவிட்டு இருவரும் நடந்தார்கள். மண்டபத்துக்குள் நுழைந்ததும் ஜெரோம் தூரத்தில் அந்தக் கதவுகளைக் கண்டுவிட்டான். கையை உதறிவிட்டு ஓடினான். கடவுச்சீட்டை வைத்தான். சிவப்பு. எடுத்து மறுபடி வைத்தான். சிவப்பு, கூடவே கீச்சென்று சத்தம். தலையில் அடிக்கத் தொடங்கினான். பின்னால் நின்றவர்கள் விலகினார்கள்.

ஒரு ஊழியர் வந்தார். மரியாதையான ஆள்தான். அம்மாவின் கடவுச்சீட்டை வாங்கிப் பார்த்துவிட்டு, "மேடம், உங்களுக்கு ஓப்பன் ஆகும். நீங்க அந்தப் பக்கம் போயிடுங்க, இவரை நாங்க பார்த்துக் கூட்டிட்டு வர்றோம்," என்றாராம்.

"எனக்கு ஒரு நிமிஷம் போயிடலாம்னு தோணிச்சு மதாம்," என்றார் அந்துவானெத் அம்மா. "அந்தப் பக்கம் போய் யாரையாவது கூட்டிட்டு வரலாம்னு. பாஸ்போரை மெஷின்கிட்ட கொண்டுபோயிட்டேன். அப்புறம்தான் நீங்க சொன்னது ஞாபகம் வந்துச்சு. முடியாதுன்னேன். அவன் பக்கத்துல அப்படியே தரையில உட்கார்ந்துட்டேன்."

எல்லாரும் பார்த்தார்கள். அவர் யாரையும் பார்க்கவில்லை. மகனைத் தொடாமல், பக்கத்தில் உட்கார்ந்து, "தம்போன், ஜெரோ. தம்போன்," என்று மெல்லச் சொல்லிக்கொண்டே இருந்தார். எவ்வளவு நேரம் என்று அவருக்கே தெரியவில்லை. அடிப்பது குறைந்தது. பிறகு அவனும் உட்கார்ந்தான்.

சத்தம் கேட்டு ஒரு பெண் அதிகாரி வந்தார். ஆங்கிலக் கடிதத்தை நின்றபடியே வாசித்தார். ஒன்றும் கேட்காமல் கடைசி மேசைக்கு இருவரையும் அழைத்துப்போய், தானே அங்கே உட்கார்ந்துகொண்டார். ஜெரோம் கடவுச்சீட்டைத் தானாக நீட்டினான்.

இன்னொரு தடையும் இருந்தது. நான் யோசிக்காமல் விட்ட தடை. படம் எடுக்கக் கமராவைப் பார்க்க வேண்டும். அவன் யாருடைய கண்ணையும் பார்க்கமாட்டான், கமராவையா பார்ப்பான்? அதிகாரி இரண்டு தடவை சொல்லிப் பார்த்தார். பிறகு, அவன் பார்வை எங்கே போகிறது என்று கவனித்தார் போலிருக்கிறது. மேசையிலிருந்த முத்திரையை எடுத்துக் கமராவுக்குப் பக்கத்தில் உயர்த்திப் பிடித்தார். ஜெரோம் நிமிர்ந்து அதைப் பார்த்தான். படம் விழுந்தது.

"அப்புறம் தொப்புன்னு குத்தினாங்க. இவன் சிரிச்சான், மதாம்."

"இப்ப எங்கை நிக்கிறியள்?"

"பாண்டியில, வீட்ல. இருங்க, கொஞ்சம் மெதுவாப் பேசுறேன்." குரலைத் தாழ்த்தினார். "அப்பா கட்டில்ல சாய்ஞ்சிருக்காரு. இவன் பக்கத்துல முட்டி போட்டு உட்கார்ந்திருக்கான். இட்லி. சாப்பிடுறான்."

எனக்கு முன்னால் இருந்தவர் தன் திகதி என்னாயிற்று என்று கேட்டார். நான் கொஞ்சம் பொறுங்கள் என்று கையைக் காட்டிவிட்டுச் சன்னல் பக்கம் திரும்பிக்கொண்டேன். முதலாளி எழுந்து வந்து அவருடைய வேலையைத் தான் பார்த்தார்.

இதிலிருந்து என்ன கற்க வேண்டும் என்று நீங்கள் கேட்பீர்கள். கடவுச்சீட்டு மாறினால் அதோடு இணைத்த எல்லாவற்றையும் மாற்ற வேண்டும், அதுவும் பயணம் முடிவாவதற்கு முன்பே. இது சுலபமான பாடம், சுவரில் எழுதி ஒட்டிவிடலாம். எனக்கு இன்னொன்றும் விளங்கியது. ஒரு வழி அடைபட்டிருக்கலாம் என்று தெரிந்தால் அதை மறைக்காமல் சொல்லிவிட்டு, சொன்ன கையோடு இன்னொரு வழிக்கு வேலை செய்ய வேண்டும். முதலாவதை மட்டும் செய்தால் அந்த அம்மா பயத்தோடு வீட்டுக்குப் போயிருப்பார். அவ்வளவு ஆயத்தம் செய்தும் ஆள் வரவில்லை, கமராவை நான் நினைத்தும் பார்க்கவில்லை என்பதையும் மனதில் வையுங்கள். நம்முடைய வேலை ஓரளவுக்குத்தான் கூட வரும். மீதித் தூரத்தை அவர்களும், முகம் தெரியாத ஒரு அதிகாரியும் நடந்து முடித்தார்கள்.

அவர்கள் பாண்டிச்சேரியில் இருந்தபோதே ஜெரோமின் ஒப்புதல் வந்துவிட்டது. அப்பா எழுந்து நடக்கத் தொடங்கியதும் மூன்று பேரும் பாரிஸ் திரும்பினார்கள். சில நாள் கழித்து அவர் ஊன்றுகோலோடு கடைக்கு வந்தார். நான் முதலில் கேட்டது, சென்னையில் புறப்படும் பக்கத்திலும் இருக்கும் அந்தக் கதவைப் பற்றித்தான்.

"கதவு எல்லாம் ரெடியாத்தான் இருந்துச்சு, மதாம். எனக்குத் திறக்கும், அவளுக்குத் திறக்கும், அவனுக்கும் திறக்கும்னு சொன்னாங்க." சிரித்தார். "அவன் அந்தப் பக்கமே வரமாட்டேன்னுட்டான். தம்போன் வேணுமாம். நேராப் போய்ப் பெரிய கியூவுல நின்னுட்டான். நாங்க ரெண்டு பேரும் அவன் பின்னால நின்னோம்."

"ஐயோ, இந்த இடுப்போடையோ? கனநேரம் எடுத்திருக்குமே."

"எடுத்துச்சு. பாதியில எனக்கு முடியல. நான் ஒண்ணும் சொல்லல, கோலை மாத்தி மாத்தி ஊன்றிட்டு நின்னேன்." ஊன்றுகோலை என் மேசையில் சாய்த்து வைத்தார். "அவன் திரும்பிப் பார்த்தான். யாரையும் தொடமாட்டானே, உங்களுக்குத் தெரியும். என் கையை எடுத்துத் தன் தோள்மேல வச்சுக்கிட்டான். மேசை வர்ற வரைக்கும் அப்படியே நின்னான்."